மேசபெர்க்கில் கேட்ட ஒரே கேள்வி

ரஷ்யா, ஜெர்மனி உறவு பற்றிப் பேச்சு எடுத்தாலே இப்போது இரண்டு கட்சிகள்தான் தெரிகின்றன. ஜெர்மனி தொடக்கத்திலிருந்தே ஏமாந்தது, எரிவாயுவுக்காகக் கண்ணை மூடிக்கொண்டது என்பது ஒரு கட்சி. ரஷ்யா நட்போடு கை நீட்டியது, மேற்குலகம்தான் அதைத் தட்டிவிட்டது என்பது இன்னொரு கட்சி. இரண்டு கட்சிக்காரர்களும் சாட்சிக்கு அழைக்கும் காலம் ஒன்றுதான்: 2008 முதல் 2012 வரை திமித்ரி மெத்வதேவ் ரஷ்ய அதிபராக இருந்த நான்கு வருடங்கள். அந்த நாட்களின் உரைகளையும் வரைவுகளையும் கூட்டறிக்கைகளையும் ஒவ்வொன்றாக எடுத்துப் படித்த பிறகு, என்னால் எந்தக் கட்சியிலும் சேர முடியவில்லை. பெரிய பேச்சுகள் நடந்த இடத்தை எல்லோரும் பார்க்கிறார்கள். சின்னதாக ஒரு கேள்வி கேட்கப்பட்ட இடத்தை யாரும் பார்ப்பதில்லை. 2010இல் ஜெர்மனியின் மேசபெர்க் மாளிகையில் ஜெர்மன் சான்சலர் மெர்க்கல் மெத்வதேவிடம் கேட்ட அந்தக் கேள்வியைப் பற்றித்தான் எழுத விரும்புகிறேன். அங்கே போவதற்கு முன்னால் கொஞ்சம் கதை சொல்ல வேண்டும்.

2008 மார்ச் 2 அன்று ரஷ்ய அதிபர் தேர்தல். மார்ச் 8 அன்று ஜெர்மன் சான்சலர் அங்கேலா மெர்க்கல் மாஸ்கோவில் இருந்தார். மெத்வதேவ் அப்போது பதவியே ஏற்கவில்லை. மேற்கத்தியத் தலைவர்களில் அவரை முதலில் போய்ப் பார்த்தவர் மெர்க்கல்தான். அன்றைய செய்தியாளர் சந்திப்பில், அப்போது அதிபராக இருந்த புதின் மெர்க்கலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே ஒன்று சொன்னார். முன்னாள் கேஜிபி அதிகாரி என்ற முத்திரை தன்மேல் இருந்தது, மெத்வதேவுக்கு அந்தச் சுமை இல்லை, தன் தாராளவாதத்தை அவர் நிரூபித்துக் காட்ட வேண்டியதில்லை என்றார். ஆனால் நல்ல அர்த்தத்தில் அவரும் தன்னைவிடக் குறைந்த ரஷ்யத் தேசியவாதி கிடையாது, அவரோடு வேலை செய்வது உங்களுக்கு இன்னும் எளிதாகிவிடும் என்று நினைக்கவில்லை என்றும் சேர்த்துச் சொன்னார். இதைவிட வெளிப்படையாக ஒரு தலைவர் எப்படிச் சொல்வார்? அன்று அந்த அறையில் இருந்தவர்களில் எத்தனை பேர் அதைக் காதில் வாங்கினார்கள் என்று எனக்கு அடிக்கடி தோன்றும்.

வாங்காமல் போனதற்கும் காரணம் இருந்தது. ஜெர்மானியர்கள் இதே படத்தை ஏற்கெனவே ஒருமுறை பார்த்து மனம் நிறைந்து, பிறகு ஏமாற்றமும் அடைந்திருந்தார்கள். 2001 செப்டம்பர் 25 அன்று புதின் பெர்லினில் ஜெர்மன் நாடாளுமன்றத்தில் பேசினார், அதுவும் உரையின் பெரும்பகுதியை ஜெர்மன் மொழியிலேயே. ட்ரெஸ்டன் நகரில் ஐந்து வருடம் உளவு அதிகாரியாக வேலை பார்த்தவருக்கு அந்த மொழி கைவந்தது. பனிப்போர் முடிந்துவிட்டது என்றார். உறுப்பினர்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள். அதே மனிதர் 2007 பிப்ரவரியில் மியூனிக் பாதுகாப்பு மாநாட்டில் அமெரிக்காவையும் நேட்டோவையும் கடுமையாகச் சாடியபோது அதே ஜெர்மானியர்கள் அதிர்ந்துபோய் உட்கார்ந்திருந்தார்கள். அதற்கு அடுத்த வருடமே வேறொரு முகம் வருகிறது. வயது 42. லெனின்கிராடில் சட்டம் படித்து, அங்கேயே ரோமானியச் சட்டம் கற்பித்தவர். உளவுத்துறைப் பின்னணி இல்லை. தேர்தலுக்கு முன்பே, சுதந்திரம் இல்லாமையைவிடச் சுதந்திரம் மேலானது என்று பேசியவர். ரஷ்யாவில் சட்டத்தை யாரும் மதிப்பதில்லை என்று தானே குறைப்பட்டுக்கொண்டவர். இப்படி ஒருவர் வந்தால் நம்பத்தான் தோன்றும். அதை நான் குற்றமாகச் சொல்ல மாட்டேன்.

மே 7 அன்று மெத்வதேவ் பதவியேற்றார், மறுநாள் புதின் பிரதமரானார். மே 13 அன்று ஜெர்மன் வெளியுறவு அமைச்சர் ஸ்டைன்மையர் யூரல் மலைப்பகுதியின் எகாதெரின்பர்க் நகருக்குப் போய், அங்குள்ள பல்கலைக்கழகத்தில் ஒரு திட்டத்தை முன்வைத்தார். நீதித்துறை, சுகாதாரம், எரிசக்திச் சிக்கனம், நிர்வாகம் என்று ரஷ்யாவை நவீனப்படுத்துவதில் ஜெர்மனி கூட்டாளியாக நிற்கும் என்பது அதன் சாரம். எண்ணம் நல்ல எண்ணம்தான். கேட்டுக்கொண்டிருந்தவர்களுக்கு ஜெர்மனியின் இயந்திரங்களும் தொழில்நுட்பமும் வேண்டியிருந்தன. நீதிமன்றச் சீர்திருத்தம் வேண்டியிருந்ததா என்பது தனிக் கேள்வி.

ஜூன் 5 அன்று மெத்வதேவ் பெர்லினுக்கு வந்தார். கஜகஸ்தானுக்கும் சீனாவுக்கும் போய்வந்த பிறகு, அதிபராக அவர் மேற்கில் கால் வைத்த முதல் நாடு ஜெர்மனி. அங்கே அரசியல், நாடாளுமன்ற, சமூகப் பிரமுகர்கள் முன் அவர் ஆற்றிய உரைதான் அந்த நான்கு வருடங்களின் முகவுரை. நூற்றாண்டுத் தனிமைக்குப் பிறகு ரஷ்யா உலகத்தோடு வந்து சேர்ந்துவிட்டது என்றார். அட்லாண்டிக் கூட்டணி ஒன்றே எல்லாவற்றுக்கும் அடிப்படை என்ற காலம் முடிந்துவிட்டது, வான்கூவர் முதல் விளாடிவோஸ்டாக் வரையிலான ஒற்றுமை பற்றிப் பேச வேண்டிய நேரம் இது என்றார். பிறகு முக்கியமான விஷயத்துக்கு வந்தார். ஐரோப்பாவின் பாதுகாப்புக்கு, சட்டப்படி எல்லோரையும் கட்டுப்படுத்தும் ஒரு புதிய ஒப்பந்தம் வேண்டும். அதை எழுதத் தொடங்க எல்லா ஐரோப்பிய நாடுகளும் கூட வேண்டும். ஆனால் எந்தக் கூட்டணியின் பெயராலும் வராமல் தனித்தனி நாடுகளாக வர வேண்டும்.

இந்த உரையை மியூனிக் உரையோடு பக்கத்தில் வைத்துப் படித்தால், மனக்குறைகளின் பட்டியல் ஏறக்குறைய ஒன்றுதான் என்பது தெரியும். நேட்டோ விரிவடைவது, ஏவுகணைத் தடுப்பு அமைப்பு, ரஷ்யாவைக் கேட்காமல் எடுக்கப்படும் முடிவுகள். குரல்தான் மாறியிருந்தது. பெர்லினில் இருந்தவர்கள் குரலைக் கேட்டார்கள். போலந்தின் வார்சாவிலும் எஸ்தோனியாவின் தாலினிலும் இருந்தவர்கள் பட்டியலைக் கேட்டார்கள். அவரவர் பட்ட பாடு அப்படி.

அப்புறம் இரண்டே மாதத்தில் ஜார்ஜியா. ஆகஸ்ட் 7 இரவு தொடங்கி ரஷ்யாவுக்கும் ஜார்ஜியாவுக்கும் ஐந்து நாள் போர். ஆகஸ்ட் 15 அன்று மெர்க்கல் சோச்சிக்குப் போய் மெத்வதேவைப் பார்த்தார், 17ஆம் தேதி திபிலிசியில் ஜார்ஜிய அதிபரோடு நின்று ஜார்ஜியா விரும்பினால் நேட்டோவில் சேரும் என்றார். ஆகஸ்ட் 26 அன்று மெத்வதேவ் ஜார்ஜியாவிலிருந்து பிரிந்து நின்ற அப்காசியாவையும் தெற்கு ஒசேத்தியாவையும் தனி நாடுகளாக அங்கீகரித்துக் கையெழுத்திட்டார். அக்டோபர் 2 அன்று மெர்க்கலும் மெத்வதேவும் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் சந்தித்தார்கள். ஜெர்மன் நிறுவனம் ஒன்றுக்கு சைபீரிய எரிவாயு வயலில் பங்கு கொடுக்கும் ஒப்பந்தம் அங்கே கையெழுத்தானது. இந்தத் தேதிகளை வரிசையாக எழுதிப் பார்க்கும்போது எனக்கு வலிக்கிறது. போருக்கும் ஒப்பந்தத்துக்கும் நடுவில் இரண்டு மாதம்கூட முழுதாக இல்லை.

நவம்பர் 5ஐயும் சொல்லியாக வேண்டும். அமெரிக்காவில் ஒபாமா வென்ற செய்தி வந்த நாள். அன்று மெத்வதேவ் ரஷ்ய நாடாளுமன்றத்தில் ஆற்றிய முதல் வருடாந்திர உரையில் இரண்டு அறிவிப்புகள் வந்தன. ஒன்று, போலந்தில் அமெரிக்கத் தடுப்பு ஏவுகணைகள் வந்தால் போலந்தை ஒட்டிய ரஷ்யப் பகுதியான கலினின்கிராடில் இஸ்கந்தர் ஏவுகணைகள் நிறுத்தப்படும். இன்னொன்று, அதிபரின் பதவிக்காலம் நான்கு வருடத்திலிருந்து ஆறாக நீட்டப்படும். முதல் அறிவிப்பு தலைப்புச் செய்தியானது. இரண்டாவது யாருக்காக என்று அன்றே புரிந்துகொண்டவர்கள் ரஷ்யாவுக்குள் நிறைய இருந்தார்கள். ஜெர்மனியில் ஒரு வெளியுறவுக் கொள்கையே மெத்வதேவை நம்பி உருவாகிக்கொண்டிருந்தபோது, அவரோ நாற்காலியைச் சரிசெய்து வேறொருவருக்குத் தயார் செய்துகொண்டிருந்தார்.

பெர்லினில் பேசிய ஒப்பந்தத்தின் வரைவு 2009 நவம்பர் 29 அன்றுதான் வெளியானது. பதினான்கே பிரிவுகள், சில பக்கங்கள். ரஷ்யா நீட்டிய கையைத் தட்டிவிட்டார்கள் என்று சொல்பவர்கள் இதைப் படிக்க வேண்டும் என்று மனதாரக் கேட்டுக்கொள்கிறேன். இரண்டாம் பிரிவின்படி, கையெழுத்திட்ட எந்த நாடும் மற்றொரு நாட்டின் பாதுகாப்பைக் கணிசமாகப் பாதிக்கும் எந்தச் செயலையும் செய்யக் கூடாது, அதில் பங்கேற்கக் கூடாது, ஆதரிக்கவும் கூடாது. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் எது கணிசமான பாதிப்பு என்று யார் தீர்மானிப்பது? பாதிக்கப்பட்டேன் என்று சொல்பவர்தான் முதலில் கையைத் தூக்குவார். பக்கத்து வீட்டுக்காரர் தன் வீட்டில் மாடி எடுக்க நான் சம்மதிக்க வேண்டும் என்று எழுதி வாங்கிக்கொள்வது போல இது. ஒன்பதாம் பிரிவு இன்னும் ஒரு படி மேலே போய், இந்த ஒப்பந்தத்தோடு ஒத்துப்போகாத வேறு எந்தச் சர்வதேசக் கடமையையும் ஏற்கக் கூடாது என்கிறது. இரண்டையும் சேர்த்துப் படித்தால், உக்ரைனோ ஜார்ஜியாவோ எந்தக் கூட்டணியில் சேரலாம் என்பதில் மாஸ்கோவுக்குத் தடுக்கும் உரிமை வந்துவிடுகிறது. ஜார்ஜியாவில் போர் முடிந்து ஒன்றேகால் வருடம்தான் ஆகியிருந்தது.

ஆக, பெரிய ஒப்பந்தம் ஏற்கத்தக்கதாக இல்லை. எனக்கு அதில் சந்தேகமே கிடையாது. ஆனால் மேற்குத் தலைநகரங்கள் அதைத் திருத்தி ஒரு மாற்று வரைவு அனுப்பவில்லை. பெரும்பாலானவை இல்லை என்று முகத்துக்கு நேரே சொல்லவும் இல்லை. பார்க்கலாம், ஆராயலாம், ஐரோப்பியப் பாதுகாப்பு ஒத்துழைப்பு அமைப்பில் பேசலாம் என்று இழுத்தடித்தார்கள். இந்த மழுப்பலும் ஒரு பாவம்தான்.

இதற்கிடையில் வியாபாரம் ஓடியது. 2009இல் ஓப்பல் கார் நிறுவனத்தை கனடாவின் மாக்னாவும் ரஷ்யாவின் ஸ்பெர்பேங்கும் சேர்ந்து வாங்கும் திட்டத்துக்கு மெர்க்கல் தன் ஆதரவைக் கொடுத்தார். கடைசியில் நவம்பரில் ஓப்பலின் உரிமையாளரான ஜெனரல் மோட்டார்ஸ் விற்க மறுத்துவிட்டது. சீமென்ஸ் ரஷ்ய அணுசக்தி நிறுவனத்தோடு கைகோக்கப் பார்த்தது. இவற்றில் எதுவும் தனியாகப் பார்த்தால் தப்பில்லை. தொழிலாளர்களின் வேலையும் இதில் இருந்தது.

மெத்வதேவ் வெறும் பொம்மை, அவரால் எதுவும் ஆகியிருக்காது என்று சொல்பவர்களும் உண்டு. அதையும் நான் ஏற்க மாட்டேன். பாரன்ட்ஸ் கடலில் நார்வேயுடன் இருந்த எல்லைத் தகராறு ஏறக்குறைய நாற்பது வருடப் பழசு. 2010 செப்டம்பர் 15 அன்று முர்மான்ஸ்க்கில் அது ஒப்பந்தமாக முடிந்தது. அமெரிக்காவோடு அணு ஆயுதக் குறைப்பு ஒப்பந்தம் அதே வருடம் ஏப்ரலில் வந்தது. 2011 மார்ச்சில் லிபியா மீது ராணுவ நடவடிக்கைக்கு வழிவிட்ட ஐ.நா. தீர்மானத்தை ரஷ்யா தடுக்காமல் வாக்களிக்காமல் ஒதுங்கியது. அன்று அதே போல ஒதுங்கிய இன்னொரு நாடு ஜெர்மனி, இந்தியாவும்தான். அந்தத் தீர்மானம் சிலுவைப் போர் அழைப்பு போல இருக்கிறது என்று புதின் சொன்னபோது, அப்படிப் பேசுவது ஏற்கத்தக்கதல்ல என்று மெத்வதேவ் பகிரங்கமாகவே மறுத்தார். ஆகவே கேட்டுப் பார்ப்பதில் அர்த்தம் இருந்தது. எதைக் கேட்பது என்பதில்தான் விஷயம்.

சரி, இப்போது மேசபெர்க்குக்கு வருகிறேன்.

பெர்லினுக்கு வடக்கே பிராண்டன்பர்க் கிராமப்புறத்தில் ஏரிக்கரையில் ஒரு பழைய மாளிகை. 2007இலிருந்து ஜெர்மன் அரசின் விருந்தினர் இல்லம். மெர்க்கல் வளர்ந்த டெம்ப்ளின் ஊரும் இந்த வட்டாரம்தான். கிழக்கு ஜெர்மனிக் காலத்தில் அந்தப் பகுதி முழுக்க சோவியத் ராணுவ முகாம்கள் இருந்தன. மெர்க்கல் பள்ளியில் ரஷ்ய மொழி படித்து, அதில் ஒலிம்பியாட் பரிசும் வாங்கியவர். வெளிநாட்டுப் படை ஒன்று ஊருக்குப் பக்கத்தில் வருடக்கணக்காகத் தங்கியிருந்தால் அந்த ஊர் எப்படி இருக்கும் என்பது அவருக்கு யாரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. 2010 ஜூன் 4, 5 தேதிகளில் அவர் மெத்வதேவை அங்கே வரவழைத்தார்.

அங்கே உருவானது மிகச் சுருக்கமான ஒரு குறிப்பாணை. ஐரோப்பிய ஒன்றியத்துக்கும் ரஷ்யாவுக்கும் இடையே அமைச்சர்கள் அளவில் ஓர் அரசியல் பாதுகாப்புக் குழு அமைப்பது பற்றி ஆராயலாம் என்றது அது. ரஷ்யா வெகுநாளாகக் கேட்டதும் இதுதானே, முடிவெடுக்கும் மேசையில் ஓர் இடம். அதோடு சேர்த்து ஒரு நிபந்தனையும் வந்தது. நிபந்தனை என்று பெயர் வைக்கவில்லை, ஆனால் படித்த எல்லோருக்கும் அப்படித்தான் புரிந்தது. டிரான்ஸ்னிஸ்ட்ரியா பிரச்சினையில் கண்ணுக்குத் தெரியும் முன்னேற்றம் வேண்டும், இரு தரப்பும் அதற்காகச் சேர்ந்து உழைக்க வேண்டும்.

டிரான்ஸ்னிஸ்ட்ரியா என்பது மால்டோவா நாட்டுக்குள், நீஸ்டர் ஆற்றுக்கும் உக்ரைன் எல்லைக்கும் நடுவில் நீளவாக்கில் கிடக்கும் ஒரு ஒல்லியான நிலத்துண்டு. 1992இல் நடந்த சிறு போருக்குப் பிறகு தனக்கென்று கொடியும் நாணயமும் வைத்துக்கொண்டது, ஆனால் ஐ.நா. உறுப்பு நாடு எதுவும் அதை அங்கீகரிக்கவில்லை. அங்கே சுமார் 1,500 ரஷ்யப் படையினர் இருந்தார்கள். கொபாஸ்னா கிராமத்தில் சோவியத் காலத்து வெடிபொருள் கிடங்கில் ஏறக்குறைய 20,000 டன் மிச்சம் இருந்தது. 1999 இஸ்தான்புல் உச்சிமாநாட்டில் 2002க்குள் படையை விலக்கிக்கொள்கிறோம் என்று ரஷ்யாவே வாக்குக் கொடுத்திருந்தது. அங்கே எண்ணெய் இல்லை, எரிவாயு இல்லை. ரஷ்யாவோடு ஒட்டிய எல்லையும் இல்லை. ஜார்ஜியா போல ரத்தம் காயாத இடமும் கிடையாது, இரண்டு கரையிலும் ஆட்கள் போய்வந்துகொண்டுதான் இருந்தார்கள்.

மெர்க்கல் தேர்ந்தெடுத்தது இந்த இடத்தை என்பதில்தான் அவருடைய கூர்மை இருக்கிறது என்பது என் எண்ணம். புதிய ஒப்பந்தம் பற்றிய பேச்சு, வான்கூவர், விளாடிவோஸ்டாக் எல்லாம் ஒருபுறம் இருக்கட்டும். ஏற்கெனவே கொடுத்த ஒரு வாக்கை, உங்களுக்கு அதிகம் நஷ்டமில்லாத ஓர் இடத்தில், காப்பாற்றிக் காட்டுங்கள், நீங்கள் கேட்ட நாற்காலியை நாங்கள் போடுகிறோம். புதிய தலைவர் ஒருவர் நல்லெண்ணத்தோடு வந்தால் அவரைச் சந்தேகத்தோடு விரட்டவும் வேண்டாம், பூமாலையோடு நின்றுவிடவும் வேண்டாம், செய்யக்கூடிய ஒன்றைக் கேட்டால் போதும். பிரஸ்ஸல்ஸில் முணுமுணுப்பு எழுந்தது. மற்ற உறுப்பு நாடுகளைச் சரியாகக் கலந்துகொள்ளாமல் மொத்த ஒன்றியத்தின் பெயரில் மெர்க்கல் பேசிவிட்டார் என்றார்கள். அந்தக் குறை நியாயமானது. ஆனாலும் 2001 முதல் அன்றுவரை ஜெர்மனி ரஷ்யாவிடம் கேட்டவற்றிலேயே உருப்படியான கேள்வி இதுதான்.

பதில் எப்படி வந்தது? குழுவை முதலில் அமையுங்கள், அங்கே உட்கார்ந்து டிரான்ஸ்னிஸ்ட்ரியா பற்றிப் பேசலாம் என்றது ரஷ்யத் தரப்பு. முதலில் அங்கே ஏதாவது நகரட்டும் என்றது ஐரோப்பியத் தரப்பு. ஒரு வருடம் இதிலேயே போனது. 2011 செப்டம்பர் 24 அன்று மாஸ்கோவில் ஆளுங்கட்சி மாநாட்டில் மெத்வதேவ் மேடையேறி, அடுத்த அதிபர் வேட்பாளராகப் புதினை முன்மொழிந்தார். நவம்பர் 8 அன்று பால்டிக் கரையில் லுப்மின் ஊரில் மெர்க்கலும் மெத்வதேவும் சேர்ந்து, மற்ற தலைவர்களோடு, ரஷ்ய எரிவாயுவை ஜெர்மனிக்குக் கொண்டுவரும் நார்ட் ஸ்ட்ரீம் குழாயைத் திறந்துவைத்தார்கள். கடலடியில் 1,224 கிலோமீட்டர், உக்ரைனையும் போலந்தையும் தொடாமல். அதற்கு மூன்று வாரம் கழித்து, நவம்பர் கடைசியில்தான், 2006இலிருந்து முடங்கிக் கிடந்த டிரான்ஸ்னிஸ்ட்ரியா பேச்சுவார்த்தை வில்னியஸில் மறுபடி அதிகாரபூர்வமாகத் தொடங்கியது. குழாய் முதலில், பேச்சு அப்புறம். படை அசையவில்லை.

2012 மார்ச் 21 அன்று டிரான்ஸ்னிஸ்ட்ரியாவுக்கான ரஷ்ய அதிபரின் சிறப்புப் பிரதிநிதியாக திமித்ரி ரோகோசின் நியமிக்கப்பட்டார். நேட்டோவுக்கான ரஷ்யத் தூதராக இருந்து அந்த அமைப்பை நாள்தோறும் வசைபாடியவர், கடுந்தேசியவாதி என்று பெயரெடுத்தவர். புதின் தேர்தலில் வென்றிருந்தாலும் அதிபர் நாற்காலியில் அப்போது மெத்வதேவ்தான் இருந்தார். நியமன ஆணையில் கையெழுத்து அவருடையதுதான். மேசபெர்க்கில் கேட்ட கேள்விக்கு, கேட்கப்பட்ட அதே மனிதரின் கையாலேயே பதில் வந்தது.

ஆகஸ்டில் மெர்க்கல் மால்டோவாத் தலைநகர் சிசினோவுக்குப் போனார். ஜெர்மன் சான்சலர் ஒருவர் அங்கே போனது அதுவே முதல் முறை. அவருக்கு அந்தச் சின்ன நாட்டின் மேல் உண்மையான அக்கறை இருந்தது என்பதற்கு வேறு அத்தாட்சி தேவையில்லை. இங்கேதான் எனக்கு மனசு ஆறவில்லை. கேள்வியை இவ்வளவு சரியாகக் கேட்டவர், பதில் வந்த பிறகு அதைக் கணக்கில் எடுத்துக்கொள்ளவில்லை. 2012இல் ஜெர்மனி, ரஷ்யா வர்த்தகம் சுமார் 80 பில்லியன் யூரோவைத் தொட்டு உச்சத்தில் இருந்தது. 2014 மார்ச்சில் கிரிமியா இணைக்கப்பட்டது. மெர்க்கல் ஐரோப்பாவைத் திரட்டித் தடைகள் கொண்டுவந்தார், அதில் அவர் உறுதியாகவே நின்றார். ஆனால் 2015 செப்டம்பர் 4 அன்று விளாடிவோஸ்டாக்கில் இரண்டாவது குழாயான நார்ட் ஸ்ட்ரீம் 2க்கான பங்குதாரர் ஒப்பந்தம் கையெழுத்தானது, அதில் இரண்டு ஜெர்மன் நிறுவனங்கள் இருந்தன. அது வெறும் வணிகத் திட்டம் என்று வருடக்கணக்காகச் சொல்லப்பட்டது. 2021இல் ஜெர்மனி இறக்குமதி செய்த எரிவாயுவில் பாதிக்கு மேல் ரஷ்யாவிலிருந்து வந்தது.

2022 ஏப்ரலில், உக்ரைன் மீது முழுப்போர் தொடங்கி ஏறக்குறைய ஆறு வாரம் ஆகியிருந்தபோது, ஸ்டைன்மையர் ஜெர்மனியின் குடியரசுத் தலைவராக இருந்தார். நார்ட் ஸ்ட்ரீம் 2ஐப் பிடித்துக்கொண்டிருந்தது தவறு என்று வெளிப்படையாக ஒத்துக்கொண்டார். ரஷ்யா நம்பிக்கை இழந்துவிட்ட, கூட்டாளிகள் எச்சரித்த பாலங்களை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தோம் என்றார். எகாதெரின்பர்க்கில் அந்தக் கூட்டுத் திட்டத்தை அறிவித்தவரே இதைச் சொல்வதற்கு நேர்மை வேண்டும், அதை மதிக்கிறேன். ஆனால் தவறு எப்போது தொடங்கியது என்று கேட்டால் பெரும்பாலானவர்கள் 2014 என்கிறார்கள், சிலர் 2008 ஆகஸ்ட் என்கிறார்கள். நான் 2012 மார்ச் 21 என்பேன். 2008இல் நம்புவதற்குக் காரணம் இருந்தது, 2010இல் சோதித்துப் பார்க்கும் அறிவும் இருந்தது. ரோகோசின் நியமனத்துக்குப் பிறகு பெர்லினில் யாராவது மேசபெர்க் குறிப்பாணையை எடுத்து வைத்து, நாம் கேட்டதற்குப் பதில் வந்துவிட்டது, இனி இரண்டாவது குழாய் கிடையாது என்று சொல்லியிருக்க வேண்டும். கிரிமியாவுக்கு அப்போது இன்னும் இரண்டு வருடம் இருந்தது.